எலுமிச்சைத் தட்டட்டி

செருப்ப அந்தப் படியிலயே விட்டுட்டு வெறுங்காலோட வாங்கம்மா. கூச்சப்படாதீங்க, வழுக்காது. போன வருசம் வந்திருந்தியன்னா நானே மேல விட்டிருக்க மாட்டேன். விழுந்து இடுப்பு ஒடிஞ்சா யாரு பாக்கன்னு கீழயே நிப்பாட்டியிருப்பேன். இப்ப நல்லா அமுக்கி நடங்க. எப்படி இருக்கு? நானாச் சொல்லல, எதுத்த வீட்டுப் பாத்துமுத்து அக்காதான் சொல்லுவா, ஏட்டி உலகு, உன் தட்டட்டியில எல போடாமச் சோறு திங்கலாம்டின்னு.

தட்டட்டின்னா தெரியலையா? உங்க ஊர்ல மொட்டை மாடிம்பிய. நாங்க தட்டட்டிம்போம்.

பேங்குல வேலைன்னு சொன்னிய. மாத்தலாகித் தென்காசிக்கு வந்திருக்கிய, தனியா இருக்கப் போறிய. நல்லது. வாடகைக்கு விடுத போர்ஷன் அன்னா, அந்தப் பச்சைக் கதவுதான். சாவி கீழ இருக்கு, பொறவு தொறந்து காட்டுதேன். ரூம்பு எல்லா ஊர்லயும் ரூம்பு மாதிரித்தான் இருக்கும். தட்டட்டியப் பாருங்க மொதல்ல.

முன்னால யாரு குடியிருந்தா, ஏன் காலி பண்ணினாவன்னு கீழ வச்சுக் கேட்டியள்லா. வாரவிய எல்லாரும் கேக்காவ. கேட்டுட்டு என் மூஞ்சிய ஒரு மாதிரிப் பாக்காவ, தண்ணிக் கஷ்டமா, ஓனரம்மா சண்டக்காரியான்னு. ரெண்டும் இல்லம்மா. மேல இருந்தவிய கீழ வந்துட்டாவ. கீழன்னா என் வீட்டுக்கு. நான் அவியளக் கட்டிக்கிட்டேன்.

சிரிங்க, சிரிங்க. எனக்கே சிரிப்பு வருது. காலையில எந்திரிச்சுக் கோலம் போடும்போது ஞாபகம் வந்து கோலப்பொடிய அப்படியே கொட்டிருவேன். அம்பது தாண்டின பொறவு கல்யாணம். ரிஜிஸ்தர் ஆபீசுல எனக்குச் சாட்சி போட்டது பாத்துமுத்து அக்கா. என் தம்பி குத்தாலிங்கம்தான் வரல. அடுத்த தெருவுலதான் இருக்கான், பில்டிங் காண்ட்ராக்ட் எடுக்கான், அவனுக்கு வேலை சாஸ்தி. கல்யாணத்துக்குப் பொறவும் இந்தப் பக்கம் வரல. ரோட்டுல பாத்தா தலையக் குனிஞ்சுக்கிட்டே வண்டியில போயிருதான். சைட்டு நெனப்பாவே இருப்பான் பாவம். எங்க அப்பா போன பொறவு எனக்கு எல்லாமே அவன்தான் பாத்துக்கிடுங்க.

நீங்க பரவால்ல, நின்னு கேக்கிய. போன மாசம் வீடு பாக்க வந்தவ பாதியிலயே போன் வந்துட்டுன்னு எறங்கிப் போயிட்டா. அதுக்கு முந்தி வந்த பையனுக்கும் அப்படித்தான் போன் வந்துச்சு. எல்லாம் அவசரக்காரவிய.

இப்படி இந்தத் திட்டுல உக்காருங்க. சொல்லுதேன்.

எல்லாம் பாசியால வந்தது. நீங்க ஊருக்குப் புதுசு, சாரல் பாத்திருக்க மாட்டிய. ஆனி பொறந்தா மேக்க மலையில இருந்து ஒரு காத்து வரும், அதோட பூ மாதிரி ஒரு தூத்தல். நனையவும் நனையாது, காயவும் காயாது. குத்தாலத்துல குளிக்க வாரவியளுக்கு அது சொர்க்கம். எனக்கு வயித்தெரிச்சல். ஒரு வாரம் அடிச்சாப் போதும், தட்டட்டி பூராவும் பச்சை புடிச்சிரும். அது காஞ்சா கருப்பாகும், மேல திரும்பப் பச்சை புடிக்கும். நான் வத்தல், வடகம் போட்டு விக்குதவ. கோடை முழுக்க இங்கனதான் வேட்டிய விரிச்சு அரிசி வடகம், மோர்மொளகா, சுண்டைக்கா எல்லாம் காயும். மெட்ராஸ்ல இருந்து போன் போட்டுக் கேக்காவ. கருத்துப்போன தரையில வடகம் காயவச்சா வாங்குதவ மூஞ்சி என்ன ஆவும்? அதனால வருசா வருசம் ஆசிட்டும் பிளீச்சிங் பவுடரும் வாங்கிட்டு வந்து ஊத்தித் தேச்சிருவேன். ஊத்தின ஒடனே பொகை மாதிரி எந்திரிக்கும். அதுக்குப் பொறவு எனக்கு ஒரு இருமல் வரும் பாருங்க, ஒரு மாசம் விடாது. எனக்குச் சாரல் ஒத்துக்காதுன்னு நெனச்சுக்கிட்டு இருந்தேன்.

அவிய குடி வந்தது சித்திரையில. பேரு கொழுந்துவேல். புருசன் பேரச் சொன்னாத் தப்பில்லன்னு அவியளே சொல்லிட்டாவ. ஆனா வாயில வர மாட்டேங்கு, இப்பவும் கண்டக்டர்னுதான் சொல்லுவேன். கவர்மெண்டு பஸ்ஸுல கண்டக்டரா இருந்து ரிட்டயர் ஆனவிய. சம்சாரம் தவறி ரொம்ப வருசம், புள்ளை கெடையாது. வீடு பாக்க வந்த அன்னைக்குத் தண்ணி வருதான்னு கேக்கல, கக்கூஸப் பாக்கல. சன்னலத் தொறந்துவச்சுட்டு நின்னாவ. ரோட்டுல ஒரு பஸ் போச்சு. இது போதும்மா, குடி வந்துருதேன்னாவ. பஸ் சத்தம் கேக்காம அவியளுக்கு ஒறக்கம் வராதாம். மத்தவிய எல்லாம் பஸ் சத்தம்னுதான் இந்த வீட்ட வேண்டாம்பாவ.

நல்ல மனுசன்தான், ஆனா தொல்லை. படியில பூனை உக்காந்திருந்தா, படியில நிக்காத, உள்ள போ, உள்ள எடமிருக்குல்லாம்பாவ. அந்தப் பூனையும் உள்ள போவும். நான் தண்ணி எடுத்துட்டு வாளியோட ஏறினா ரெண்டு தட்டுத் தட்டி வழி விடுவாவ, பஸ்ஸுல தட்டுவாங்கள்லா, அது மாதிரி. சட்டைப் பையில விசில் வேற. ரிட்டயர் ஆன பொறவும் விசில் எதுக்குன்னு கேட்டேன். இல்லன்னா சட்டை ஒரு பக்கமா இழுக்கும்மான்னாவ. இது ஒரு பதிலா?

ஆனி பாதியில பச்சை புடிச்சிட்டு. நான் வழக்கம்போல பாட்டிலும் பவுடருமா வாங்கிட்டு, மூக்குல துணியக் கட்டிக்கிட்டு ஏறினேன். அவிய துண்டு காயப்போட்டுக்கிட்டு இருந்தாவ.

"எம்மா, இதக் கழுவி விட்டா தண்ணி எங்க போவும்?"

"குழாய் வழியாக் கீழ போவும்."

"கீழன்னா?"

"கிணத்துக்குத்தான். மழைத்தண்ணியச் சேக்கணும்னு சொல்லி எல்லார் வீட்டுலயும் குழாய் போட்டாங்கள்லா, என் தம்பிதான் போட்டுக் குடுத்தான்."

"நாம குடிக்க தண்ணி?"

"அதே கிணறுதான். எங்க தண்ணி கல்கண்டுல்லா."

அவிய துண்ட உதறி ரெண்டாவது தடவை காயப்போட்டாவ. பொறவு மெதுவாச் சொன்னாவ, "அப்போ ஆசிட்டயும் நாமதான் குடிக்கோம்."

எனக்குச் சுருக்குனு ஆயிட்டு. கிணத்துல கொசுப் புழு வரக்கூடாதுன்னு நான் மீன் விடுவேன். வருசா வருசம் ஆடியில எல்லாம் வெள்ளையா மெதக்கும். ஆடி மாசம் மீனுக்கு ஆகாது போலன்னு நானும் ஆவணியில புது மீன் வாங்கி விடுவேன். அத அவியட்ட சொன்னேனா, அவிய சிரிக்கவும் இல்ல, ஒண்ணும் இல்ல, குனிஞ்சு குழாய் வாயப் பாத்தாவ. அதுதான் எனக்குப் பொறுக்கல. குடியிருக்க வந்தவிய குடியிருக்கணும், கிணத்த எட்டிப் பாக்கப்படாதுன்னு ஏசிப்புட்டேன். அதோட விட்டனா? பெரிய மனுசர்லா நீங்க, ஒரு சொட்டு ஆசிட் இல்லாம இத வெள்ளையாக்கிக் காட்டுங்க, காட்டலன்னா நான் பாட்டிலத் தொறப்பேன், நீங்க வாயத் தொறக்கப்படாதுன்னேன்.

"சரி"ன்னாவ. கோவிச்சிருந்தாக் கூடத் தேவலாம். சரின்னுட்டுப் போயிட்டாவ.

மொதல்ல என்ன செஞ்சாவ தெரியுமா? ஏதோ ஒரு வாரப் பத்திரிகையில புளிச்ச மோரு கறைய எடுக்கும்னு போட்டிருந்துச்சாம். பால்காரன்ட்ட சொல்லி வாளி வாளியாப் புளிச்ச மோர வாங்கி, அதோட வடிச்ச கஞ்சியும் கலந்து ஊத்திட்டாவ. எம்மா, அந்த வாடை. தெருவுல உள்ள பூனை பூராவும் படியேறிட்டு. எல்லாத்தையும் உள்ள போ, உள்ள போன்னாவ, அதுங்களும் உள்ள வந்து நக்கிக்கிட்டுக் கெடந்துச்சு. மறு வாரம் பாத்தா, பாசி வயக்காடு மாதிரித் தளதளன்னு எந்திரிச்சு நிக்கி. சாப்பாடு போட்டு வளத்தா வளராதா? எனக்கு அம்புட்டுச் சந்தோசம். பாத்துமுத்து அக்காவ கையப் புடிச்சுக் கூட்டிட்டு வந்து காட்டினேன். அவிய ஓரமா நின்னுக்கிட்டு, நாத்து நடலாம் போல இருக்குன்னாவ. அவியளே சொன்னதுல எனக்குப் பாதிச் சந்தோசம் போயிட்டு.

அந்தச் சமயத்துலதான் என் தம்பி வந்தான். பாத்துட்டு, எக்கா, நீ எதுக்கு இந்தப் பாசிகூட மல்லுக்கட்டுத, டைல்ஸ் போட்டிருவோம்னான். மறுநாளே டேப்பு புடிக்க ஆளோட வந்துட்டான். தட்டட்டிய அளந்தான். பொறவு கீழ எறங்கிக் கூடத்த அளந்தான், அடுக்களைய அளந்தான், கிணத்தடி வரைக்கும் அளந்தான். தட்டட்டிக்கு டைல்ஸ் போட அடுக்களைய எதுக்குல அளக்கன்னு கேட்டேன். எல்லாம் ஒரு கணக்குக்குத்தான்க்கான்னான். தொழில் தெரிஞ்சவன்லா. மேல ரெண்டு ரூம்பு எழுப்பினா எம்மவனுக்கு ஆவும்னும் சொன்னான். தன் புள்ளைய அத்தை பக்கத்துல விடணும்னு யாருக்குத் தோணும் இந்தக் காலத்துல? நான் உருகிப் போயிட்டேன். ஆனா டைல்ஸ் வேண்டாம்லன்னுட்டேன். பந்தயம் நடந்துக்கிட்டு இருக்குல்லா, நடுவுல டைல்ஸப் போட்டா யாரு ஜெயிச்சான்னு எப்படித் தெரியும்?

பொறவு சாரல் ரெண்டு நாள் நின்னு வெயில் அடிச்சுச்சு. அவிய மோருப் பக்கம் போவல. காஞ்ச சருகையெல்லாம் கூட்டினாவ. கொத்துக் கரண்டிய வச்சுப் பாசியச் சுரண்டிச் சுரண்டி அள்ளிக் கறிவேப்பிலைத் தொட்டியில போட்டாவ. பொறவு என்ட்ட வந்து, எம்மா, உங்க வடகம் காச்சுத அடுப்புச் சாம்பல் கொஞ்சம் கெடைக்குமான்னாவ. எடுத்துக்கிடுங்க, சாம்பல்லயும் ஒரு நெல்லு மொளைக்காதான்னேன். சாம்பலும் செங்கல்பொடியும் கலந்து, ஈர்க்கு வாரியல, வெளக்குமாத்த வச்சு அன்னா அந்த மூலையத் தேச்சாவ. சாயங்காலம் போயிப் பாத்தேன். அந்த மூலை மட்டும் வெள்ளையா இருக்கு. நெசமாவே வெள்ளை. அவிய இடுப்பப் புடிச்சுக்கிட்டுச் சொவத்துல சாஞ்சு நின்னாவ.

மறுநாள் காலையில துணி காயப்போட வந்தேன். சும்மா ஒரு இழுப்பு இழுத்துப் பாப்போமேன்னு வாரியல எடுத்தேன். ஒரு இழுப்புத்தான். அது பாருங்க, வெள்ளை ஒரு வரி வந்துச்சுன்னா அடுத்த வரிய விட மனசு வராது. சட்டியில உலை கொதிக்கது தெரியாம ஒரு பாகம் தேச்சுட்டேன். வாரியல இருந்த எடத்துலயே வச்சுட்டு எறங்கிட்டேன். அவியளுக்குத் தெரியாதுன்னுதான் நெனச்சேன். அடுத்த நாள் ஏறினா, சொவத்துல ரெண்டு வாரியல் சாத்தியிருக்கு. ஒண்ணு புதுசு. கைப்புடியில துணி சுத்தி வச்சிருக்கு, கை உரியாம.

பந்தயத்துல எதிராளிக்கு வாரியல் வாங்கிக் குடுக்க ஆள எங்கயாவது பாத்திருக்கியளா? கோவம் கோவமா வந்துச்சு. அந்தக் கோவத்துலயே தெனமும் காலையில ஏறித் தேச்சேன்.

ஆனா தட்டட்டி பெருசுல்லா. அவியளுக்கும் இடுப்பு, எனக்கும் முட்டு. அப்போதான் அவியளுக்குப் புளியங்குடி ஞாபகம் வந்துச்சு. அவிய தங்கச்சி அங்கதான் இருக்கா. அந்த ஊரு எலுமிச்சைக்குப் பேர் போன ஊரு. வெல போவாத பழம், வெம்பின பழம், அழுகப் போற பழம்னு மார்க்கெட்டுல குவிஞ்சு கெடக்குமாம், மாடு கூடத் திங்காதாம். தங்கச்சிக்கு ஒரு போன் போட்டாவ. பழைய சிநேகிதக் கண்டக்டர் ஒருத்தர் மூட்டைய பஸ்ஸுல ஏத்திக்கிட்டாரு. நம்ம வீட்டு முன்னால ஸ்டாப்பு கெடையாது. இவிய தட்டட்டியில நின்னு ஒரு விசில் குடுத்தாவ பாருங்க, அம்மாம்பெரிய பஸ்ஸு அப்படியே நின்னுட்டு. டிரைவரு யாரு எறங்கப் போறான்னு திரும்பிப் பாக்காரு. எறங்குனது எலுமிச்சம்பழ மூட்டை.

குனியாமத் தேக்கது எப்படின்னு கேட்டாவ. அதுக்கு வழி சொன்னது நான்தான். காலால தேப்போம்னேன். தேங்கா உரிச்ச கதம்பை, அந்த நாரு மட்டை, அதுதான் கிணத்தடியில மலையாக் கெடக்கே. ஆளுக்கு ரெண்டு கதம்பைய எடுத்து உள்ளங்காலுக்கு அடியில வச்சுக் கயித்தால கட்டிக்கிட்டோம். பழத்தையெல்லாம் ரெண்டு ரெண்டா அறுத்து எறைச்சோம். மேல சாம்பலத் தூவினோம். நுரை வரட்டும்னு நான் பூந்திக்கொட்டைய வெந்நியில ஊறவச்சுக் கரைச்சு ஒரு வாளி கொண்டுட்டு வந்தேன். கிணத்துக்குப் போற குழாய் வாயில துணிய அடைச்சு, தண்ணியப் பின்னால நிக்க வாழைக்குப் போவ விட்டாச்சு. அது அவிய கண்டிஷன். எல்லாம் ரெடி. மேக்க பாத்தா சாரல் எறங்கி வருது.

நான் மேற்பார்வை பாக்கத்தான் கட்டினேன் கதம்பைய. சும்மா ரெண்டு தடவை தேச்சுட்டு உக்காந்துருவோம்னு. காலத் தள்ளினேனா, சர்ருனு போயிட்டு. அந்த ஓரத்துல இருந்து இந்த ஓரத்துக்கு. பூந்திக்கொட்டை நுரை, எலுமிச்சம்பழச் சாறு, மேல சாரல். நிக்க முடியல. எம்மா, எம்மான்னு கத்திக்கிட்டே போறேன், பின்னாலயே அவிய வாராவ, நிப்பாட்டத் தெரியாம, வேட்டிய மடிச்சுக் கட்டிக்கிட்டு. வரும்போதே விசில் அடிக்காவ. எதுக்கு அடிக்கியன்னு கேட்டா, பிரேக்கு இல்லம்மா, வேற என்ன செய்யங்காவ. முட்டப் போறோம்னு அவிய கையப் புடிச்சேன். புடிச்சதுல ரெண்டு பேரும் ஒரு சுத்துச் சுத்தினோம். திரும்பவும் ஒரு சுத்து. காலுக்கடியில பழம் பச்சு பச்சுனு நசுங்குது. ஊரே எலுமிச்ச வாசம். நான் சிரிக்கேன், சிரிக்கேன், மூச்சு முட்டிச் சிரிக்கேன். கண்ணுல சாறு தெறிச்சு எரியுது, அதோட சிரிக்கேன். கீழ குத்தாலம் போற பஸ் ஒண்ணு நின்னுட்டு. சன்னல் பூராத் தலை. டிரைவரு ஆரன் அடிக்காரு. பாத்துமுத்து அக்கா அவ வீட்டுத் தட்டட்டியில நின்னு கையத் தட்டுதா. விழுந்து எந்திரிச்சு, விழுந்து எந்திரிச்சு, மத்தியானத்துக்குள்ள முழுத் தட்டட்டியும் தேச்சு முடிச்சோம். முடிச்ச பொறவும் நிப்பாட்டல. இன்னொரு தடவை தேச்சாத்தான் சுத்தமாகும்னு நான்தான் சொன்னேன்.

மறுநாள் வெயில் வந்துச்சு. பொன்னு மாதிரி, இல்ல இல்ல, வடகம் மாதிரி வெளுத்துக் கெடந்துச்சு. கிணத்துல மீனு ஒண்ணு கூட மெதக்கல. அந்த வருசம் எனக்கு இருமலும் வரல. பந்தயத்துல யாரு ஜெயிச்சான்னு ரெண்டு பேரும் பேசிக்கிடவே இல்ல.

சாயங்காலம் தம்பி வந்தான். மொகமெல்லாம் செவந்து போயி.

"எக்கா, ரோட்டுல போறவன் எல்லாம் சிரிக்கான்."

"நாங்களும்தான்ல சிரிச்சோம்."

"வெளையாடாத. பஸ்ஸ நிப்பாட்டிப் பாக்கான். ஒருத்தன் போன்ல படம் புடிச்சு எனக்கே அனுப்புதான். நாளைக்கு எம்மவன் வந்து இருக்கப் போற வீடு. இதுக்கு ஒரு பேரு வேண்டாமா?"

பாருங்க, எம்புட்டுத் தூரம் யோசிக்கான். எனக்கு அதெல்லாம் தோணவே இல்ல. நேரா மேல போனான், கண்டக்டர் வீட்டக் காலி பண்ணனும்னு சொன்னான். அவிய ஒரு வார்த்தை எதுத்துப் பேசல. அந்த வாரக் கடைசியில புளியங்குடித் தங்கச்சி வீட்டுக்குப் பெட்டியக் கட்டிக்கிட்டு என்ட்ட சாவியக் குடுத்தாவ. பாசி திரும்ப வந்தா மொதல்ல காயவிட்டுக் கூட்டுங்கம்மா, ஈரத்தோட தேக்காதீங்க, பூந்திக்கொட்டைத் தண்ணி ஆறின பொறவு ஊத்துங்கன்னாவ. சரின்னேன். வேற என்ன சொல்ல? வாசல்ல பூனை நின்னுச்சு. அதுட்ட ஒண்ணும் சொல்லாமப் போனாவ.

பொறவு வீடு அமைதியாயிட்டு. எனக்கு ஒண்ணும் வருத்தம் இல்ல பாத்துக்கிடுங்க. ஆனா பஸ் சத்தம் கேட்டா ஒறக்கம் வரல. இத்தன வருசமா இந்தச் சத்தத்துலதான் கெடக்கேன், அப்போ மட்டும் ஒவ்வொரு பஸ்ஸுக்கும் முழிச்சுக்கிட்டேன். காலையில தட்டட்டிக்கு வருவேன், தேப்பேன். பாசியே இல்ல. இல்லன்னாலும் தேப்பேன். பாத்துமுத்து அக்கா அவ வீட்டுல இருந்து பாத்துக்கிட்டே இருந்திருக்கா. ஒரு நாள் கூப்பிட்டா.

"ஏட்டி, அங்க என்னத்தத் தேக்க?"

"தரையத்தான்."

"தரை தேஞ்சு அடுக்களைக்கு வெளிச்சம் வந்துரும் போல இருக்கு. போயிக் கூட்டிட்டு வாட்டி அந்த மனுசன."

"யாரக்கா?"

"பஸ்ஸத்தான்"னுட்டு உள்ள போயிட்டா.

எனக்கு அப்படியொரு எண்ணமே இல்ல. பூந்திக்கொட்டை எம்புட்டுப் போடணும்னு ஒரு சந்தேகம் இருந்துச்சு, அதக் கேக்கத்தான் புளியங்குடி போனேன். போன்ல கேக்கலாமேம்பிய. இதெல்லாம் போன்ல கேட்டா வெளங்காது. போகும்போது பட்டுச் சேல கட்டினது, வேற சேல காயல, சாரல் நாளுல்லா.

அவிய தங்கச்சி வீட்டு வாசப்படியில உக்காந்திருந்தாவ. தாடி வளந்து, கசங்கின சட்டை. என்னப் பாத்ததும் எந்திரிச்சு, ஏறுதவியளுக்கு வழி விடுத மாதிரி ஒதுங்கி நின்னாவ. நான் உக்காரல.

"பூந்திக்கொட்டை எம்புட்டுப் போடணும்?"

"ரெண்டு கை."

"அம்புட்டுத்தானா?"

"அம்புட்டுத்தான்."

ரெண்டு பேரும் ரோட்டப் பாத்தோம்.

"ஒத்தையில தேக்க முடியல"ன்னேன்.

"ஆளு வச்சுக்கிடுங்கம்மா."

"ஆளு கூட்டிட்டுப் போவத்தான் வந்தேன்."

அவிய தரையப் பாத்தாவ. "உங்க தம்பி வெரட்டின பொறவு நான் திரும்ப மாடிக்கு வந்தா நல்லாருக்காதும்மா."

"மாடிய நான் வேற ஆளுக்கு விடப் போறேன்"னேன். "கீழ எடமிருக்கு."

உள்ள, தங்கச்சி கையில இருந்து ஏனம் விழுந்து உருண்டு ஓடுத சத்தம் கேட்டுச்சு. அவிய அப்படியே நின்னாவ. பொறவு உள்ள போனாவ. எனக்கு உசுரு போயிட்டு. சொல்லக் கூடாதத சொல்லிட்டமோ, இப்படியே பஸ் ஏறிருவமான்னு வாசல் வரைக்கும் வந்துட்டேன். திரும்பிப் பாத்தா, தாடிய வழிச்சு, தேச்ச சட்டை போட்டு, கையில அதே பெட்டியோட வாராவ. மோவாயில ரெண்டு எடத்துல ரத்தம். அம்புட்டு அவசரம்.

செங்கோட்டை பஸ் வந்துச்சு. நான் முன்னால ஏறிப் பொம்பளைங்க சீட்டுல உக்காந்தேன். பக்கத்துல எடம் காலியாத்தான் கெடக்கு. அவிய உக்காரல. கம்பியப் புடிச்சுக்கிட்டு நிக்காவ. உக்காருங்கன்னேன். இது மகளிர் இருக்கைம்மா, ஆம்பள உக்காரப்படாதுன்னாவ. பஸ்ஸுல பாதி காலி. வேலை பாத்த காலமெல்லாம் அந்த சீட்டுல உக்காந்த ஆம்பளையள எழுப்பி விட்டவிய, இப்ப எப்படி உக்காருவாவ?

கண்டக்டர் பையன் இவியளத் தெரிஞ்சவன். அண்ணாச்சி, எங்க இந்தப் பக்கம், கூட இருக்கது யாருன்னு கேட்டான். இவிய என்னப் பாத்தாவ, கம்பியப் பாத்தாவ. "வீட்டுக்காரம்மா"ன்னாவ.

அவிய குடியிருந்த வீட்டுக்குச் சொந்தக்காரிங்கிற கணக்குலயும் அது சரிதான், என்ன. அந்தப் பையன் அந்தக் கணக்குல எடுக்கல. அண்ணாச்சி சொல்லவே இல்லையேன்னு இவிய கையப் புடிச்சுக் குலுக்கோ குலுக்குன்னு குலுக்குதான். இல்லப்பா, அப்படி இல்லன்னு இவிய சொல்லியிருக்கணும்லா? சொல்லல. காது ரெண்டும் செவந்து போயி, குலுக்க விட்டுட்டு நிக்காவ.

நான் எந்திரிச்சேன். பஸ்ஸு ஆட்டத்துல கம்பி கம்பியாப் புடிச்சு நடந்து, பின்னால பொது சீட்டுக்குப் போயி சன்னலோரமா உக்காந்தேன். தள்ளி உக்காந்து பக்கத்துல எடம் விட்டேன். அவிய வந்தாவ. நின்னு ஒரு தடவை முன்னயும் பின்னயும் பாத்தாவ. பொறவு உக்காந்தாவ. பெட்டிய மடியில வச்சுக்கிட்டு, ஸ்கூலுக்குப் போற புள்ளை மாதிரி. கடையநல்லூர் வந்துச்சு, போச்சு. மேக்க மலை மேல சாரல் நிக்கி. சன்னல அடைக்கவான்னு கேட்டாவ. வேண்டாம்னேன்.

தென்காசி வந்துச்சு. தென்காசி, தென்காசின்னு பையன் கத்துதான். எல்லாரும் எறங்குதாவ, ஏறுதாவ.

"தென்காசி வந்துட்டுல்லா"ன்னேன்.

"ஆமா, வந்துட்டு"ன்னாவ.

ரெண்டு பேரும் எந்திரிக்கல. அந்தப் பையன் எங்களப் பாத்தான், ரைட் குடுத்துட்டான். செங்கோட்டை வரைக்கும் போனோம். எங்களுக்கு அங்க ஒரு சோலியும் கெடையாது.